முதுமலைச் சாலையோரம் கருகிக் கிடந்தது ஏன்? வனத்துறை வைக்கும் தீ காட்டுக்கு நல்லதா?

ஜனவரி கடைசியில் கூடலூர் வழியாக மைசூர் போயிருக்கிறீர்கள். தெப்பக்காட்டைத் தாண்டியதும் சாலைக்கு இரண்டு பக்கமும் தரை கருகிக் கிடந்திருக்கிறது. டீக்கடையில் விசாரித்தால் "ஃபாரஸ்ட்காரங்களே வெச்ச தீதான்" என்றிருக்கிறார்கள். காட்டுத்தீயைத் தடுக்கக் காட்டையே கொளுத்துவது என்ன நியாயம், மண்ணுக்கும் மரத்துக்கும் விலங்குக்கும் இதனால் கெடுதல் இல்லையா என்று கேட்கிறீர்கள். இதில் இரண்டு கேள்விகள் பின்னிக் கிடக்கின்றன. நீங்கள் பார்த்த கறுப்புப் பட்டை என்ன என்பது ஒன்று. அதற்குப் பதில் சுலபம். நாம் நேரம் பார்த்து வைக்கும் தீ, யாரோ வைத்துவிட்டுப் போகும் தீயைவிடக் காட்டுக்கு நல்லதா என்பது இன்னொன்று. இதற்கு "எந்தக் காடு?" என்று திருப்பிக் கேட்காமல் பதில் சொல்கிறவரை நான் நம்ப மாட்டேன்.

என்னைப் பற்றி ஒரு வரி. மேட்டுப்பாளையம் வனக் கல்லூரியில் படித்துவிட்டு, இருபத்து மூன்று வருடம் நீலகிரியின் வடக்குச் சரிவில், முதுமலை, சிகூர் பக்கம் களவேலை பார்த்தவன். தீ வைத்திருக்கிறேன், அணைத்திருக்கிறேன், ஒருமுறை நாங்களே வைத்த தீயைத் துரத்திக்கொண்டு ஓடியும் இருக்கிறேன். பழனி மலை, வருடத்துக்கு ஒன்றிரண்டு தடவை போய்வந்த அளவுக்குத்தான் பழக்கம். அங்கே பற்றி நான் சொல்வதை அந்த அளவுக்கே எடுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் பெயர்க் குழப்பத்தைத் தீர்த்துவிடுவோம். மூன்று வெவ்வேறு வேலைகளை மக்கள் ஒரே பெயரில் சொல்கிறார்கள். நீங்கள் பார்த்தது தீத்தடுப்புக் கோடு. எங்கள் வழக்கில் ஃபயர் லைன். சாலையோரமும் சரக எல்லையிலும் புல்லையும் புதரையும் வெட்டிக் காயவிட்டு, அந்தப் பட்டையை மட்டும் டிசம்பர் கடைசியிலிருந்து ஜனவரிக்குள் எரித்துவிடுவது. பிப்ரவரி, மார்ச்சில் ஒரு பக்கம் தீ வந்தால் எரிய ஒன்றும் இல்லாத இந்தப் பட்டையில் வந்து நின்றுவிட வேண்டும், அவ்வளவுதான் நோக்கம். இரண்டாவது எதிர்த்தீ. பெரிய தீ வந்துகொண்டிருக்கும்போது அதற்கு எதிரே நாமும் தீ வைத்து, நடுவில் இருப்பதைத் தின்னவைத்து இரண்டையும் முட்டவிடுவது. அது அவசர வைத்தியம். மூன்றாவதுதான் உலகம் முழுக்க விவாதிக்கப்படுவது: ஒரு காட்டுப் பகுதியையே, இவ்வளவு ஏக்கர் என்று குறித்து, காற்று, ஈரம், நாள் எல்லாம் பார்த்து, உள்ளே புகுந்து எரிப்பது. திட்டமிட்ட எரிப்பு என்று வைத்துக்கொள்வோம். நம் ஊரில் வனத்துறை செய்வது பெரும்பாலும் முதல் வகை. வாட்ஸ்அப்பில் சண்டை நடப்பது மூன்றாவது வகையைப் பற்றி.

நம் மலைகளில் இயற்கையாகத் தீப்பிடிப்பது மிக அபூர்வம். மூங்கில் உரசித் தீப்பிடிக்கும் என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிக் கொடுத்ததை மறந்துவிடுங்கள், இத்தனை வருடத்தில் நான் அதைப் பார்த்ததும் இல்லை, பார்த்தேன் என்று சொன்ன ஆளைச் சந்தித்ததும் இல்லை. இடி மின்னல் வரும்போது மழையும் கூடவே வந்துவிடும். மிச்சம் எல்லாம் மனிதக் கைதான். புதுப்புல்லுக்காக மேய்ச்சல்காரர் வைப்பது, மாட்டைக் கடிக்கும் உண்ணிப்பூச்சி ஒழியட்டும் என்று வைப்பது, புள்ளிமான் உதிர்த்த கொம்பு கண்ணில் படட்டும் என்று வைப்பது, பட்டா நிலத்துக் குப்பையை எரிக்கப்போய்த் தாவியது, அணைக்காமல் எறிந்த பீடி, சில சமயம் யார் மீதோ உள்ள கோபம். ஆகவே தீ வேண்டுமா வேண்டாமா என்று உட்கார்ந்து யோசிக்கும் வாய்ப்பு நமக்கு இல்லை. எப்படியும் வரும். எப்போது, எவ்வளவு சூட்டோடு வருகிறது என்பதில்தான் நாம் கொஞ்சம் கைவைக்க முடியும்.

இனி மண். இங்கே விஷயம் ஓரளவு உறுதியானது. மண் சூட்டை எளிதில் கடத்தாது. காய்ந்த புல்லும் ஒரு வருடச் சருகும் வேகமாக எரிந்து கடந்துபோனால், மேல்தோல் பொசுங்கும். இரண்டு மூன்று விரற்கடை கீழே தோண்டிக் கைவைத்தால் பெரிய வித்தியாசம் தெரியாது. வேரும் கிழங்கும் எறும்புப் புற்றும் அங்கே பிழைத்துக்கிடக்கும். அதுவே விழுந்த கட்டை ஒன்று இரண்டு நாள் கனன்று புகைந்த இடமென்றால் கதை வேறு. அந்த இடத்தில் மண் சுட்ட செங்கல் நிறத்துக்கு மாறியிருக்கும், அதில் அடுத்த வருடமும் சரியாக ஒன்றும் முளைக்காது. சாம்பலில் பொட்டாசியம், கால்சியம் எல்லாம் கிடைக்கும், மண்ணின் புளிப்பு கொஞ்சம் குறையும், அதனால்தான் எரிந்த இடத்துப் புல் அத்தனை பச்சையாக வருகிறது. ஆனால் சருகிலிருந்த நைட்ரஜனில் பெரும்பங்கு புகையோடு போய்விடும். எப்போதாவது ஒருமுறை என்றால் காடு அதை ஈடுகட்டிக்கொள்ளும். வருடா வருடம் என்றால் கைமுதலைத் தின்று வாழ்வது மாதிரி. இன்னொன்று, சரிவில் எரித்தால் ஏப்ரல் கோடைமழைக்கு அந்தச் சாம்பலும் மேல்மண்ணும் சேர்ந்து ஓடைக்கு இறங்கிவிடும். சிகூர் பக்கம் முதல் மழைக்கு ஓடைத் தண்ணீர் கறுப்பாக வந்ததை நானே பார்த்திருக்கிறேன்.

மரங்களைப் பற்றிப் பேச நமக்கு ஒரு நல்ல சாட்சி இருக்கிறது. பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தைச் சேர்ந்தவர்கள் முதுமலையில் 50 ஹெக்டேர் நிலத்தைக் குறித்து, 1988லிருந்து அதற்குள் இருக்கும் ஒவ்வொரு மரத்துக்கும் விரல் பருமன் கன்றுக்கும் எண் போட்டுத் தொடர்ந்து கணக்கெடுத்து வருகிறார்கள். யானை முறித்தது, தீயில் போனது, காய்ந்து செத்தது என்று எல்லாம் அதில் பதிவாகிறது. தீ அந்த நிலத்துக்குள்ளும் பலமுறை வந்து போயிருக்கிறது. அங்கே தெரிவதும் நாங்கள் களத்தில் பார்த்ததும் ஒன்றுதான். வளர்ந்த தேக்கும் வேங்கையும் சாதாரணத் தரைத்தீயில் சாவதில்லை, பட்டை தடிமன் காப்பாற்றிவிடும். அடிபடுவது கன்றுகள். அவற்றிலும் பல, மேலே கருகினாலும் வேரிலிருந்து திரும்பத் துளிர்க்கும். ஒரு தேக்குக் கன்றை இழுத்துப் பார்த்தால் மேலே இரண்டு முழம்தான் இருக்கும், கீழே வேர்க்கட்டை தொடை பருமனுக்கு இருக்கும். வருடக்கணக்காகத் துளிர்ப்பதும் கருகுவதுமாகவே காலத்தைத் தள்ளியிருக்கிறது என்று அர்த்தம். சாகவும் இல்லை, மரமாகவும் இல்லை.

அந்தக் கன்று மரமாக வேண்டுமானால் தீநாக்கு எட்டாத உயரத்துக்குப் போகவும் பட்டை தடிக்கவும் சில வருடம் சேர்ந்தாற்போல நிம்மதியாக விட வேண்டும். இங்கேதான் எனக்குக் கவலை. முதுமலையில் 1909 முதல் 1921 வரை வனத்துறை போட்டு வைத்திருந்த தீ வரைபடங்களையும், 1989 முதல் 2002 வரை உள்ளவற்றையும் ஒப்பிட்டுப் பார்த்திருக்கிறார்கள். அப்போது ஓர் இடத்துக்குத் தீ திரும்ப வர சராசரியாகப் பத்து வருடம் ஆனது. பிந்தைய காலத்தில் அது 3.3 வருடம். சராசரி என்பதால் எல்லா இடமும் அப்படி என்று கொள்ளக்கூடாது, சாலையோரமும் ஊரோரமும் இன்னும் அடிக்கடி எரியும், உட்காடு நாள்பட நிற்கும். இருந்தாலும் போக்கு எந்தப் பக்கம் என்பதில் சந்தேகமில்லை. ஏற்கெனவே இத்தனை அடிக்கடி எரியும் காட்டில், "தீ காட்டுக்கு நல்லது" என்று சொல்லி மேலும் எரிக்கக் கிளம்புகிறவர்கள் முதலில் இந்தக் கணக்குக்குப் பதில் சொல்ல வேண்டும்.

விலங்குகளைப் பொறுத்தவரை லாபமும் உண்டு, நட்டமும் உண்டு. தீ எரிந்துகொண்டிருக்கும்போதே கரிச்சானும் பனங்காடையும் ஓரத்தில் வந்து உட்கார்ந்துகொள்ளும், தப்பியோடும் வெட்டுக்கிளியைப் பிடிக்க. ஒரு மழை விழுந்தால் போதும், புள்ளிமானும் காட்டெருதும் பச்சையைத் தேடி அந்தக் கரித்தரைக்கே வரும். பெரிய விலங்குகள் தரைத்தீக்கு விலகிப் போய்விடும். ஓட முடியாதவைதான் பாவம்: ஆமை, ஓணான், தரையில் முட்டையிடும் காட்டுக்கோழி, காடை, பக்கி. மார்ச்சில் வரும் தீ இவை கூடு கட்டி முட்டையிடும் நேரத்தில் வருகிறது. ஜனவரியில் எரித்தால் அந்தச் சேதத்தில் பெரும்பகுதி தவிர்ந்துவிடும். முன்கூட்டி எரிக்கச் சொல்வதற்கு இது ஒரு நல்ல காரணம், ஆனால் இதை யாரும் அதிகம் பேசுவதில்லை.

இதுவரை சொன்னதில் எனக்குப் பெரிய தயக்கம் இல்லை. இனி வருவது உண்ணிச்செடி. இங்கேதான் படித்தவர்களும் காட்டில் பிறந்தவர்களும் இரண்டாகப் பிரிகிறார்கள். லாண்டனா என்று நீங்கள் கேள்விப்பட்டிருப்பீர்கள், வெள்ளைக்காரர் அழகுக்காகக் கொண்டுவந்த பூச்செடி. இன்று முதுமலையில் பல இடங்களில் ஆள் உயரத்துக்கு மேலே, மரத்தைப் பிடித்து ஏறி, யானைகூட ஒதுங்கிப் போகும் அளவுக்கு மண்டிக் கிடக்கிறது. அடியில் புல் இல்லை. மழைக்காலத்தில் பச்சையாக நிற்கும், எரியாது. மார்ச்சில் இலை உதிர்ந்து குச்சிக் குவியலாக நிற்கும்போது தீ வந்தால், முழங்கால் உயரத்தில் போக வேண்டிய தீ அந்தக் குச்சிகளை ஏணியாகப் பிடித்துக் கிளைக்கு ஏறிவிடும். வளர்ந்த மரம் சாவது இப்படித்தான். தீக்குப் பிறகு உண்ணி அடித்தூரிலிருந்து மறுபடி துளிர்க்கும், கொண்டைக்குருவி பழத்தைத் தின்று விதையை எரிந்த வெளியில் போடும். தீ உண்ணியை வளர்க்கிறது, உண்ணி தீயை வளர்க்கிறது, இது ஒரு சுழல் என்பது ஒரு தரப்பு.

மற்ற தரப்பு, பிலிகிரிரங்கன் மலைப் பழங்குடியினரான சோளகர்கள் சொல்வது. எல்லையைத் தாண்டிக் கர்நாடகத்தில் இருந்தாலும் நம் சிகூர் காடு மாதிரியான காடுதான் அதுவும். கோடை முற்றுவதற்கு முன்பே சின்னச் சின்னத் துண்டுகளாகச் சருகைக் கொளுத்துவது அவர்கள் பழக்கம். தரகு பெங்கி என்பார்கள், சருகுத் தீ என்றுதான் பொருள். 1974ல் அது சரணாலயமான பிறகு அந்தத் தீ நின்றது. நின்ற பிறகுதான் உண்ணி மண்டியது, நெல்லி மரத்தில் புல்லுருவி ஏறியது, முன்பெல்லாம் முளைக்கும்போதே எங்கள் தீயில் அது போய்விடும் என்கிறார்கள். முதலில் கேட்டபோது தீ வைக்க அனுமதி வாங்கச் சொல்லும் சாக்கு என்று நினைத்தேன். பிறகு அப்படி நினைக்கவில்லை. சின்ன உண்ணிக் கன்று புல்லுக்கு நடுவே ஒன்றிரண்டாக நிற்கும்போது மெல்லிய புல்தீ அதை அடக்கி வைத்திருக்கும் என்பது நம்பக்கூடியதே. வளர்ந்து புதராகிப் புல்லை ஒழித்துவிட்ட பிறகு அதே தீ அதைக் கொல்லாது.

எங்களோடு வேலை பார்த்த பெட்டக்குறும்பர் பழங்குடிக்காரர் ஒருவர், என்னைவிட இருபது வயது மூத்தவர், தீத்தடுப்புக் காவலர். ஒரு நாள் கார்குடிப் பக்கம் உண்ணிக் காட்டோரம் நின்றுகொண்டு கேட்டேன், "அண்ணே, உங்க அப்பா காலத்துல வெச்ச மாதிரி இங்க தீ வெச்சா உண்ணி போகுமா?" அவர் சிரித்தார். "சார், அப்பா வெச்சது புல்லுக்கு. இப்ப புல்லு எங்க சார் இருக்கு?" என்றார். நான் படித்த கட்டுரைகளெல்லாம் சுற்றி வளைத்துச் சொன்னதை அவர் ஒரு வரியில் சொல்லிவிட்டார். பழைய தீயைத் திரும்பக் கொண்டுவரலாம், அது எரிந்த பழைய காடு நம்மிடம் இல்லை. இரண்டு தரப்பும் வேறு வேறு கட்டத்தில் நிற்கும் காட்டைப் பார்த்துப் பேசுகின்றன என்பது என் அனுமானம். அனுமானம்தான். தீர்ப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள். உண்ணியை வேர்க்கழுத்தோடு வெட்டித் தலைகீழாகப் போட்டு, புல் வந்த பிறகு சின்னத் துண்டுகளில் முன்கூட்டி எரித்துப் பல வருடம் பார்த்தால்தான் இதற்கு முடிவு தெரியும்.

சரி, மேலே போவோம். ஊட்டி, அவலாஞ்சி, முக்கூர்த்தி உயரத்தில் கதையே வேறு. அங்கே பள்ளத்தில் சோலை என்கிற ஈரமான அடர்காடு, மேட்டில் புல்வெளி. சோலைக்குள் தீ எந்த வடிவிலும் கூடாது. அங்கே உள்ள மரங்களுக்குத் தீயைத் தாங்கும் பழக்கம் இல்லை, ஒருமுறை ஓரம் கருகினால் அந்த ஓரம் உள்வாங்கியதுதான். நல்ல வேளையாக, ஈரமும் நிழலும் இருக்கும்வரை தீ சோலை விளிம்பில் வந்து தானே படுத்துவிடும். புல்வெளி அப்படியல்ல, அது தீயோடு பழகியது. புல்லின் உயிர் தரைக்குக் கீழே இருக்கிறது. புல்வெளிக்கு நடுவில் தனியாகச் சிவப்பாகப் பூத்து நிற்கும் காட்டுப்பூவரசைப் பார்த்திருப்பீர்கள், அந்தத் தடித்த பட்டை தீக்காகத்தான்.

இந்தப் புல்வெளியே மனிதன் எரித்து எரித்து உண்டாக்கியது, விட்டால் சோலையாகிவிடும் என்று ஒரு காலத்தில் வனத்துறைப் பாடத்திலேயே சொன்னார்கள். அதை நம்பித்தான் "தரிசு" என்று பெயர் வைத்துச் சீகையும் (வாட்டில் மரம்) கற்பூர மரமும் (யூகலிப்டஸ்) நட்டார்கள். நீலகிரியின் சதுப்புக் கரிமண்ணில் உள்ள கார்பனை ஆராய்ந்து 1993ல் வெளிவந்த ஆய்வு, சுமார் 20,000 ஆண்டுகளாகவே இங்கே புல்லும் மரமும் வானிலைக்கு ஏற்றபடி கூடிக்குறைந்து வந்திருப்பதைக் காட்டியது. மனிதன் தீப்பந்தத்தோடு வருவதற்கு ரொம்ப முன்னாலேயே புல்வெளி இருந்திருக்கிறது. சோலை மரக்கன்றைத் திறந்த வெளியில் வளரவிடாமல் தடுப்பதில் டிசம்பர், ஜனவரி உறைபனிக்கும் பெரிய பங்குண்டு. தோடர்கள் எருமைக்காகக் காய்ந்த புல்லைக் கொளுத்தி வந்தது உண்மை. அது புல்வெளியைப் பேணியது, உண்டாக்கவில்லை. பக்கத்தில் கேரளத்து இரவிகுளத்தில் வரையாட்டுக்கு இளம்புல் கிடைக்க வேண்டும் என்று, முதுவர் பழங்குடியினரை வைத்துத் துண்டு துண்டாக, மாற்றி மாற்றி எரிக்கிறார்கள். நம் மலைப் புல்வெளியில் திட்டமிட்ட எரிப்பு வேண்டுமென்று யாராவது வாதாடினால் நான் கேட்கத் தயார். ஒரே ஒரு நிபந்தனை, அருகில் சீகை இருக்கக்கூடாது.

ஏனென்றால் சீகை விதைக்கு ஓடு கெட்டி. மண்ணுக்குள் பல பத்தாண்டுகள் உறங்கும். எழுப்புவது தீ. சீகைக் காட்டை எரித்துவிட்டால் ஒழிந்தது என்று நினைத்து அடுத்த மழைக்குப் போய்ப் பார்த்தால், நாற்றங்கால் போட்ட மாதிரி நெருக்கமாக முளைத்து நிற்கும். கற்பூர மரம் 1843ல் ஊட்டிக்கு வந்தது. அதன் இலையில் எண்ணெய், உரிந்து தொங்கும் பட்டை தீப்பிடித்துக் காற்றில் பறந்து ஓடையைத் தாண்டிப் போய் விழும். கொடைக்கானல் பக்கம் இதோடு பைன் மரத்து ஊசிச் சருகும் சேர்ந்துகொள்கிறது. மன்னவனூர், பூம்பாறை வழியில் நான் பார்த்த அளவில், புல்வெளி, பைன், சீகை, பட்டா நிலம் நான்கும் ஒன்றோடொன்று ஒட்டிக் கிடக்கின்றன. ஒன்றில் வைக்கும் தீ அடுத்ததில் என்ன செய்யும் என்பது ஒவ்வொரு வளைவிலும் மாறும். அங்கே "கட்டுப்படுத்தி எரித்தல்" என்ற சொல்லில் முதல் பாதியை நான் சுலபமாக நம்ப மாட்டேன்.

நாங்களே வைத்த தீயைத் துரத்திக்கொண்டு ஓடியதாகச் சொன்னேன் அல்லவா, அந்தக் கதைக்கு வருகிறேன். தீத்தடுப்புக் கோடு எரிப்பதற்கு நல்ல நேரம் சாயங்காலம் நாலு மணிக்கு மேல். காற்று அடங்கும், பனி இறங்கத் தொடங்கும், தீ தானே சோர்ந்துபோகும். காற்றுக்கு எதிராக, மேட்டிலிருந்து பள்ளம் பார்த்து எரிக்க வேண்டும். அன்றைக்கு, எந்தச் சரகம் என்று சொல்லவில்லை, சாயங்காலம் வேறு வேலைக்கு ஆட்கள் போயாக வேண்டும் என்று காலை பதினொன்றுக்கே வைக்கச் சொன்னார்கள். நானும் வாயை மூடிக்கொண்டு தலையாட்டினேன், என் தப்பும்தான். ஒரு மணிக்குப் பள்ளத்திலிருந்து காற்று திரும்பியது. சரிவு பத்து டிகிரி கூடினால் தீ ஏறும் வேகம் ஏறக்குறைய இரட்டிப்பாகும் என்பது இந்த வேலையில் இருப்பவர்களின் கைக்கணக்கு. அதைக் காலால் கற்றுக்கொண்டேன். பச்சைத் தழையால் அடித்து அடித்து அணைத்து முடிக்க ராத்திரி ஒன்பது ஆனது. ஆளுக்குச் சேதமில்லை. காட்டுக்கு இருந்தது. மறுநாள் போனால் பட்டுப்போன மரமொன்றின் பொந்துக்குள் இன்னும் கனன்றுகொண்டிருந்தது. அதிலிருந்து, எரித்த இடத்துக்கு மூன்று நாளாவது திரும்பப் போய்ப் பார்ப்பேன். குரங்கணியில் 2018 மார்ச்சில் மலையேறப் போனவர்களில் இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்ததை எல்லோரும் அறிவோம். காய்ந்த புல்சரிவில் தீ எத்தனை வேகமாக ஏறும் என்பதற்கு அதற்கு மேல் ஒரு சான்று வேண்டியதில்லை.

இது நமக்கு மட்டும் உள்ள பலவீனம் இல்லை. திட்டமிட்ட எரிப்பில் நெடுங்காலப் பழக்கமும் வசதியும் உள்ள அமெரிக்காவிலேயே 2022ல் நியூ மெக்சிகோவில் அரசின் வனத்துறை வைத்த தீ கைமீறி, அந்த மாநில வரலாற்றிலேயே பெரிய காட்டுத்தீயாகி, 3,41,000 ஏக்கர் எரிந்தது. அதில் ஒரு பகுதியின் தொடக்கம், ஜனவரியில் எரித்த கட்டைக் குவியல் ஒன்று. பனிக்கு அடியில் மூன்று மாதம் கனன்று கிடந்து ஏப்ரலில் எழுந்தது.

அமெரிக்க உதாரணத்தை வைத்து, "நூறு வருடம் தீயை அணைத்து அணைத்துச் சருகு சேர்ந்துவிட்டது, அதனால் எரிக்க வேண்டும்" என்று இங்கேயும் எழுதுகிறார்கள். அவர்கள் மேற்குப் பகுதி ஊசியிலைக் காட்டுக்கு அது பொருந்தும். அங்கே குளிரும் வறட்சியும் சேர்ந்து சருகை மக்கவிடாது, வருடா வருடம் ஏறிக்கொண்டே போகும். முதுமலையில் ஜூனில் மழை இறங்கினால் கறையானும் பூஞ்சையும் போன வருடச் சருகில் பெரும்பகுதியைத் தின்று தீர்த்துவிடும். இங்கே ஏறிக்கொண்டே போகும் எரிபொருள் சருகு இல்லை. உண்ணியும், பூத்துக் காய்ந்த மூங்கிலும், மேலே சீகையும்தான். அவற்றை வெட்டி வெளியேற்றாமல் எரித்துத் தீர்க்கலாம் என்பது எனக்கு ஒத்துக்கொள்ளாத வாதம்.

ஆகவே என் கருத்து, கருத்தாகவே: நீங்கள் பார்த்த சாலையோரப் பட்டை வேண்டியதுதான். அந்தக் குறுகிய பட்டையில் மண்ணுக்கும் கன்றுக்கும் நட்டம் உண்டு, வருடா வருடம் அதே இடம் எரிவதால் அங்கே மரம் வராது. அந்த நட்டத்தைத் தெரிந்தே ஏற்கிறோம். அதில் ஒரு ஓட்டை உண்டு. ஜனவரியில் எரித்த பிறகுதான் தேக்கு முழுசாக இலை கொட்டும், மார்ச்சில் அதே கோட்டின் மேல் புதுச் சருகு மெத்தை போட்டுவிடும். அதை இன்னொரு முறை பெருக்கித் தள்ள வேண்டும். இப்போது இலை ஊதும் இயந்திரம் வந்திருப்பதால் வேலை கொஞ்சம் லேசு. உட்காட்டைத் துண்டுதுண்டாக எரிப்பதை, உண்ணி இல்லாத புல்காட்டில், பத்து வருடக் கணக்கை மனதில் வைத்து, அந்தக் காட்டிலேயே பிறந்தவர்களைக் கூலியாளாக மட்டும் இல்லாமல் எங்கே எப்போது என்று முடிவு செய்பவர்களாக உட்கார வைத்து, சோதித்துப் பார்க்கலாம் என்பேன். சோலையில் வேண்டாம், சீகையில் வேண்டாம், செங்குத்துச் சரிவில் வேண்டாம்.

இதைப் படித்துவிட்டு யாரும் சொந்தமாகத் தீப்பெட்டியை எடுத்துவிடக் கூடாது. காப்புக்காட்டில் தீ வைப்பது 1882ஆம் ஆண்டுத் தமிழ்நாடு வனச் சட்டப்படி குற்றம், சரணாலயத்துக்குள் என்றால் 1972ஆம் ஆண்டு வன உயிரினச் சட்டப்படியும் குற்றம். பட்டா நிலத்துக் குப்பையைக் கூட மலையில் பிப்ரவரிக்குப் பிறகு எரிக்காதீர்கள். குன்னூர் அருகே 2024 மார்ச்சில் பற்றிய தீக்குச் சூலூரிலிருந்து விமானப்படை ஹெலிகாப்டர் வந்து தண்ணீர் ஊற்ற வேண்டியிருந்தது.

அடுத்த முறை அந்த வழியாகப் போகும்போது வண்டியை விட்டு இறங்காமலேயே ஒன்றைக் கவனியுங்கள். மரத்தில் கறுப்பு எவ்வளவு உயரம் ஏறியிருக்கிறது என்று பாருங்கள். முழங்காலுக்குக் கீழே நின்றிருந்தால் அது நேரம் பார்த்து வைத்த தீ. மேலே இலைகள் இன்னும் பச்சையாகவே இருக்கும். தலைக்கு மேலே போய், கிளை நுனி இலையெல்லாம் காப்பிப்பொடி நிறத்தில் சுருண்டு தொங்கினால், அது மார்ச் தீ. அப்படிப்பட்ட மரத்தின் அடியில் பெரும்பாலும் உண்ணியின் கருகிய குச்சிகள் நிற்பதையும் பார்ப்பீர்கள்.